களிமண்ணில் வந்த பேச்சியம்மாள்

மண் பிசைவது, கம்பிக்கூடு கட்டுவது, அச்சு எடுப்பது எல்லாவற்றையும் தொழில் பழக வந்திருக்கும் உங்களுக்குச் செல்வராஜ் சொல்லித் தருவான். முழங்காலும் மூச்சும் ஒத்துழைக்காமல் நான் வீட்டோடு இருக்க ஆரம்பித்த நாளிலிருந்து இந்தப் பட்டறை அவன் பொறுப்பு. நான் சொல்ல நினைப்பது வேறு. கையில் கலக்கிய பிளாஸ்டர் இறுகிக்கொண்டிருக்கும். எதிரே ஒருவர் நின்று கதறிக்கொண்டிருப்பார். எதைக் காப்பாற்றுவது என்று யோசிக்கக்கூட நேரம் இருக்காது. சிலை செய்கிறவர்கள் பலருக்கு அப்படி ஒரு நாள் வருகிறது. எனக்கு வந்ததைச் சொல்கிறேன்.

வெளியாட்களுக்கு நம் வேலையில் ஒரு விஷயம் தெரிவதில்லை. களிமண்ணில் நாம் வனைகிற முகத்தை நாம் யாருக்கும் கொடுப்பதில்லை. ஈரம் இருக்கும்வரைதான் அது முகம், காய்ந்தால் வெடித்துவிடும். அதனால் அதன்மேல் பிளாஸ்டரை அப்பி அச்சு எடுக்கிறோம். அச்சு இறுகியதும் உள்ளே இருக்கும் மண்ணைத் தோண்டி எடுத்துத் தொட்டியில் போட்டுவிடுகிறோம். வெற்று அச்சுக்குள் ஃபைபரோ வெண்கலமோ போய் நிரம்புகிறது. வீட்டுக்காரர்கள் கொண்டுபோவது அதைத்தான். நம் விரல் பட்ட முகம் அதற்கு முன்பே போய்விட்டிருக்கும். பழகிப்போனதால் நமக்கு இது உறைப்பதில்லை.

மாடசாமி முதல்முறை வந்தபோது மழைக்காலம் முடிந்திருந்தது. மூணாறுக்கு மேலே ஒரு எஸ்டேட்டில் ஜீப் ஓட்டுகிறவர். ஐம்பதைத் தாண்டிய, ஒடிசலான மனிதர். கூடவே மகள் செல்வி, இடுப்பில் கைக்குழந்தையோடு வந்திருந்தாள். கம்பத்தில் கட்டிக்கொடுத்திருந்த பெண். பேசியதெல்லாம் அவள்தான்.

அந்த மழையில் எஸ்டேட்டுக்கு மேலிருந்த மலை சரிந்து இறங்கியிருந்தது. தொழிலாளர்கள் குடியிருக்கும் லயத்தின் ஒரு கோடியை மட்டும் வழித்துக்கொண்டு போயிருந்தது. அந்தக் கோடியில்தான் இவர்கள் வீடு. மாடசாமி கேரட் மூட்டை ஏற்ற வட்டவடைக்குப் போயிருந்தார். வழியில் மரம் விழுந்து கிடந்ததால் அங்கேயே தங்கிவிட்டார். அவர் மனைவி பேச்சியம்மாள், கொழுந்து பறிக்கிறவர், வீட்டில் இருந்தார். மற்றவர்களின் உடல்கள் ஒவ்வொன்றாகக் கிடைத்தன. பேச்சியம்மாள் மட்டும் கிடைக்கவில்லை.

"தெரச்சில் நிறுத்திட்டாங்க மேடம், இனி தேட மாட்டாங்களாம்," என்றாள் செல்வி. "மத்தவங்களுக்கெல்லாம் போய் நின்னு அழுறதுக்கு ஒரு குழியாவது இருக்கு. எங்கம்மாவுக்கு அதுவும் இல்ல. ஒரு மொகமாவது இருக்கட்டும்னுதான் வந்தோம்."

வீட்டிலிருந்த படங்கள் எல்லாம் மண்ணோடு போய்விட்டன. இருந்தது வாக்காளர் அட்டைப் படம் ஒன்று. அதில் எல்லோரையும் போல அந்த அம்மாவும் பயந்து விறைத்திருந்தார். இன்னொன்று யாரோ கல்யாணத்தில் போனில் எடுத்தது. ஓரமாகப் பாதி முகம், பந்தியில் குனிந்து இலை போட்டுக்கொண்டிருக்கிறார். மாடசாமி அந்த இரண்டையும் பார்க்கவில்லை. பட்டறை மூலையில் தொட்டி நிறைய ஊறிக்கொண்டிருந்த களிமண்ணையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வேலையை ஏற்றுக்கொண்டேன். அளவுகளைப் படத்திலிருந்தும் மகளின் முகத்திலிருந்தும் எடுத்தேன். நெற்றியும் தாடையும் செல்விக்கு அம்மாவின் ஜாடை. ஓரளவு உருவம் வந்ததும் செல்விக்கு வீடியோவில் காட்டினேன். நெடுநேரம் பார்த்தாள்.

"மூக்கு சரியா இருக்கு மேடம். கண்ணும் சரிதான். ஆனா அம்மா இல்ல."

மறுபடி செய்தேன். மறுபடி அதையே சொன்னாள். அந்த வாரம் மாடசாமி லோடு இறக்கிவிட்டு மறையூர், உடுமலை வழியாகச் சுற்றிக்கொண்டு இங்கே கொழிஞ்சாம்பாறைக்கு வந்தார். தனியாக வந்திருந்தார். முகத்தைச் சுற்றி வந்து பார்த்தார். மூக்கு எப்படி, உதடு எப்படி என்று கேட்டுக் கேட்டு நானும் சலித்திருந்தேன். அதனால் அன்றைக்கு வேறு மாதிரி கேட்டேன்.

"ஏனுங்க மாடசாமி, அவங்க எப்பக் கோவிச்சுக்குவாங்க?"

"கோவமா?" யோசித்தார். "கோவமெல்லாம் அவளுக்கு நிக்காதும்மா. காலையில சண்டை போட்டுட்டுப் போயிருப்பேன். சாயங்காலம் வண்டி கீழ வளைவுல ஏறும்போதே வாசல்ல வந்து நின்னுக்கிடுவா. அந்த ரோட்டுல எத்தனையோ ஜீப்பு ஓடும். எங்க வண்டிச் சத்தம் எதுன்னு அவளுக்குத் தெரியும். இப்பிடி நிப்பா."

தலையை லேசாக ஒரு பக்கம் திருப்பி, மோவாயைக் கொஞ்சம் தூக்கிக் காட்டினார். உதடு ஏதோ சொல்ல எடுத்து, சொல்லாமல் நின்றது. அந்த மெலிந்த மனிதரின் முகத்தில் ஒரு பெண் ஒரு நொடி வந்துவிட்டுப் போனாள்.

இறந்தவர்களின் முகம் கேட்டு வருகிறவர்களிடம் உறுப்புகளைப் பற்றிக் கேட்காதீர்கள். அவர்களுக்கு அது தெரியாது; கூட வாழ்ந்தவரின் மூக்கை யாரும் அளந்து பார்த்திருக்க மாட்டார்கள். என்ன செய்வார், எப்படி நிற்பார் என்று கேளுங்கள். அவர்கள் உடம்பே பதில் சொல்லும்.

அவர் போனதும் களிமண்ணின் கழுத்தை அறுத்துத் திருப்பி வைத்தேன். மோவாயைத் தூக்கினேன். அதன்பின் அதிகம் மெனக்கெடவில்லை, மண்ணே வந்தது. அடுத்தமுறை மாடசாமி வந்தபோது செல்வராஜ் ஈரத்துணியை விலக்கினான். மாடசாமி வாசற்படியிலேயே நின்றுவிட்டார். உள்ளே வராமல் வெளியே போய்த் தென்னைமரத்தடியில் உட்கார்ந்தார். டீ கொண்டுபோய்க் கொடுத்தோம். டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டே இருந்தார், ஆறிப்போனது.

செல்வி வீடியோவில் பார்த்துவிட்டு, "அம்மா," என்றாள். உடனே போனை வைத்துவிட்டாள்.

அதிலிருந்து மாடசாமி அடிக்கடி வர ஆரம்பித்தார். பொள்ளாச்சிக்கு லோடு, கோயம்புத்தூருக்கு லோடு என்று ஏதாவது காரணம் சொல்வார். முகம் காயாமல் இருக்க மேலே போர்த்தும் துணியை நனைத்துப் பிழிந்து போடுகிற வேலையைச் செல்வராஜிடமிருந்து அவரே வாங்கிக்கொண்டார். காது மடலில் துணி உரசாமல் அவ்வளவு பதமாகப் போடுவார். சில நேரம் தணிந்த குரலில் பேசிக்கொண்டிருப்பதும் கேட்கும். நாங்கள் அந்தப் பக்கம் போகமாட்டோம்.

நாளை, அடுத்த வாரம் என்று நானும் அச்சு எடுப்பதைத் தள்ளிக்கொண்டே போனேன். ஆனால் மார்கழி பிறந்துவிட்டது. பாலக்காட்டுக் கணவாய்க் காற்று நம் ஊரில் எப்படி அடிக்கும் என்று உங்களுக்குத் தெரியும். கதவைச் சாத்தினாலும் சந்துக்குள் புகுந்து ஈரத்தை உறிஞ்சிவிடும். ஒரு காலையில் துணியை எடுத்துப் பார்த்தால் கழுத்தடியில் மயிரிழை போல ஒரு வெடிப்பு. இனிமேல் தள்ளினால் முகமே மிஞ்சாது.

மாடசாமியை உட்கார வைத்து எல்லாவற்றையும் விளக்கினேன். மேலே பிளாஸ்டர் போடுவோம், பிறகு உள்ளே இருக்கும் மண்ணை எடுத்துவிடுவோம், இந்த முகம் இருக்காது, இதன் நகல்தான் வெண்கலத்தில் வரும் என்று ஒளிக்காமல் சொன்னேன். கேட்டுத் தலையாட்டினார்.

"நீங்க அன்னிக்கு வர வேண்டாமுங்க," என்றேன்.

"வரலைம்மா. என்னால பாக்க முடியாது. நீங்க நல்லபடியா முடிங்க."

அந்த நாளும் வந்தது. முகத்துக்கும் பின்தலைக்கும் நடுவே தகடுகளைச் செருகி இரண்டு பாதியாக்கினோம். நம் வழக்கப்படி முதல் பூச்சில் துணிக்குப் போடும் நீலத்தைக் கலந்தோம். பின்னால் அச்சைச் செதுக்கும்போது நீலம் தெரிந்தால் முகம் நெருங்கிவிட்டது என்று உளிக்கு எச்சரிக்கை. செல்வராஜ் கிண்ணத்திலிருந்து விரலால் அள்ளி முகத்தில் சுண்டினான். குழிவான இடங்களில்தான் முதலில் போக வேண்டும், இல்லையென்றால் காற்று நின்றுவிடும். கண், மூக்குத் துவாரம், உதடுகளின் நடுவே. பாதி முகம் நீலமானது. நான் அடுத்த கிண்ணத்தைக் கலக்கிக் கொடுத்தேன்.

வெளியே ஜீப் வந்து நின்றது.

"வண்டி தன்னால வந்துருச்சும்மா," என்று வாசலில் நின்று மாடசாமி சிரிக்கப் பார்த்தார். அப்புறம்தான் பீடத்தின்மேல் கண் போனது.

"மூக்கை மூடாதீங்க!"

பட்டறையே அதிர்ந்தது. ஓடிவந்து செல்வராஜின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். "மூக்கை மூடாதீங்கய்யா, மூச்சு முட்டும் அவளுக்கு! வாயில போகுது பாருங்க, வாயில போகுது!"

அவர் எங்களிடம் பேசவில்லை. அந்த மழை நாளில் தான் இல்லாத இடத்தில் நின்று கத்திக்கொண்டிருந்தார்.

"ஏனுங்கக்கா," என்றான் செல்வராஜ். "கிண்ணம் இறுகுதுங்க. போடறதுன்னா இப்பப் போடோணும். உட்டா மொகம் போச்சுங்க."

அவன் சொன்னது சரி. பாதி பூசிய முகத்தை அப்படியே விட்டால் அச்சும் கிடைக்காது, மண்ணும் கெட்டுவிடும். மாடசாமியை வெளியே அழைத்துப் போய் உட்கார வைத்துவிட்டு வேலையை முடித்திருக்கலாம். சிலை பிழைத்திருக்கும். பின்னால் அவரே வந்து நன்றிகூடச் சொல்லியிருப்பார். அப்படிச் சொல்லத்தான் வாயெடுத்தேன்.

அப்போது செல்வராஜின் கையைப் பற்றியிருந்த அவர் விரல்களைப் பார்த்தேன். நகங்கள் எல்லாம் கோணல்மாணலாக வளர்ந்திருந்தன. வட்டவடையிலிருந்து திரும்பியதும், மண்வெட்டியும் இயந்திரமும் வந்து சேரும் முன்பே வெறுங்கையால் தோண்டியவர் அவர். பெயர்ந்துபோன நகங்கள் இப்போதுதான் முளைத்து வந்துகொண்டிருந்தன.

"கிண்ணத்தைக் கீழ வை, செல்வா," என்றேன்.

வைத்தான். நான் வாளித் தண்ணீரையும் குவளையையும் எடுத்துவந்து மாடசாமியிடம் கொடுத்தேன். "இன்னும் இறுகலீங்க. கழுவினா வந்துரும்."

அவர் அழுகை சட்டென்று நின்றது. குவளையை என் கையிலேயே கொடுத்து, "தலைக்கு ஊத்துங்கம்மா," என்றார்.

நான் ஊற்றினேன். அவர் இரண்டு கையாலும் தடவித் தடவிக் கழுவினார். முதலில் மூக்கு. பிறகு வாய். கண் இமைகளைக் கட்டைவிரலால் துடைத்தார். நீலம் கழுத்து வழியாக இறங்கித் தரையில் ஓடியது. நீலத்தோடு மண்ணும் கரைந்தது. புருவம் மழுங்கியது, உதடு தட்டையானது, மோவாய் வழுக்கி இறங்கியது. அவருக்கும் அது தெரிந்தது. ஆனாலும் கை நிற்கவில்லை. செல்வராஜ் தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து இடுப்பில் கட்டிக்கொண்டு, கையைக் கட்டி நின்றான்.

முகம் என்று ஒன்று இல்லாமல் வழுவழுவென்று ஆனபிறகு மாடசாமி நிறுத்தினார்.

"போதும்மா. குளிப்பாட்டியாச்சு. அனுப்பிச்சிடலாம்."

அந்த மண்ணைத் தொட்டியில் போட எங்களுக்கு மனம் வரவில்லை. ஈரத்துணியில் சுற்றி அவர் ஜீப்பிலேயே சித்தூர்ப் புழைக்குக் கொண்டுபோனோம். முழங்கால் அளவு தண்ணீரில் இறங்கிக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துவிட்டார். அந்த ஆற்றைச் சோகநாசினி என்று சொல்வார்கள். அன்று அந்தப் பெயரை நான் அவரிடம் சொல்லவில்லை.

இதைக் கேள்விப்பட்ட நம் தொழில்காரர்கள் சிலர், அத்தனை நாள் உழைப்பைத் தண்ணீரில் விட்டாயே என்று கேட்டார்கள். விட்டதில் எனக்கு வருத்தம் இல்லை என்று சொன்னால் பொய். அதுபோல ஒரு முகம் என் கைக்கு அதற்கு முன்னும் வந்ததில்லை, பின்னும் வரவில்லை. ஆனால் அது யாருக்காக வந்ததோ அவருக்கு அன்று சிலை வேண்டியிருக்கவில்லை. அது தெரிந்தபிறகு என்னால் வேறு எதுவும் செய்திருக்க முடியாது.

கதை அதோடு முடிந்திருந்தால் உங்களுக்கு ஒரு நல்ல பாடம் கிடைத்திருக்கும். முடியவில்லை. செல்வி இருந்தாளே.

"நான் அவகிட்ட சொல்லிக்கிடுதேன்," என்று சொல்லிப் போன மாடசாமி அவளிடம் சொல்லவில்லை. நான் போனில் சொன்னேன். மறுநாளே குழந்தையைத் தூக்கிக்கொண்டு கம்பத்திலிருந்து பஸ் மாறிப் பஸ் மாறி வந்துவிட்டாள். மாடசாமியையும் வரச் சொல்லியிருந்தாள். வெறும் கம்பிக்கூடு நின்ற பீடத்தைப் பார்த்தாள். அப்பாவைப் பார்த்தாள்.

"நீங்க குளிப்பாட்டி அனுப்பிட்டீங்க. எனக்கு?"

அவர் தலை குனிந்து நின்றார்.

"சொல்லுங்கப்பா. உங்க பொஞ்சாதிதான், எங்கம்மா இல்லையா? நான் தொட்டுக்கூடப் பாக்கலையேப்பா. போன்லதானே பாத்தேன்."

"தப்புதான் தாயி," என்றார். "கை நிக்கலை."

ஒருவர் துக்கத்துக்கு இடம் கொடுத்தால் இன்னொருவருடையதைத் தள்ளிவிட நேர்கிறது. கிண்ணம் இறுகிக்கொண்டிருந்த அந்தச் சில நிமிடங்களில் செல்வியின் நினைப்பு எனக்கு வரவில்லை. வந்திருந்தாலும் அதையேதான் செய்திருப்பேன் என்று நினைக்கிறேன். அதற்காக அவள் வலி பொய்யாகிவிடாது.

எல்லாப் பக்கத்திலிருந்தும் எடுத்த படங்களும் அளவுகளும் இருந்தன. "மறுபடி செய்யறேன் செல்வி," என்றேன். "ஆனா அதே மொகம் வரும்னு சொல்ல முடியாது."

"வர்றது வரட்டும் மேடம்."

மாடசாமியிடம் தனியாகக் கேட்டேன். "செய்யிங்கம்மா. அவளுக்கு வேணும்," என்றார். "ஆனா என்னைக் கூப்பிடாதீங்க. மண்ணுல மட்டும் வேண்டாம்."

அதனால் கல்லுக்குப் போனேன். கல்சட்டி செய்வார்களே, அந்த மாக்கல். மென்மையான கல், சின்ன உளிக்கே இணங்கும். எண்ணெய் தடவினால் கருத்துப் பளபளக்கும். கல் வேலையில் முகத்தை எதைக்கொண்டும் மூட வேண்டியதில்லை. மேலே இருப்பதை எடுத்துக்கொண்டே போனால் போதும். ஆனால் மண்ணில் தப்பினால் ஒட்டலாம். கல்லில் எடுத்தது எடுத்ததுதான். பயந்து பயந்து செதுக்கினேன். மாதங்கள் ஆயின. திருப்பிய தலை வந்தது, தூக்கிய மோவாய் வந்தது. சொல்ல வந்து நின்ற அந்த உதடு மட்டும் வரவில்லை. இன்னும் ஓர் இழை எடுத்தால் வந்துவிடும் என்று தோன்றும். எடுத்தால் போய்விடுமோ என்று கை நின்றுவிடும். ஒருநாள் உளியைக் கீழே வைத்துவிட்டேன். எங்கே நிறுத்துவது என்று கேட்பீர்கள். இன்னும் ஒரு தட்டு தட்டலாம் என்ற ஆசை உங்களுக்காகவா, வாங்கிப் போகிறவர்களுக்காகவா என்று அந்த இடத்தில் பார்த்துக்கொள்ளுங்கள்.

செல்வி வந்து பார்த்தாள். கன்னத்தில் கைவைத்தாள், நெற்றியில் வைத்தாள். குழந்தையின் கையைப் பிடித்து அதன்மேல் வைத்தாள்.

"அம்மா மாதிரியே இருக்கு மேடம்," என்றாள்.

களிமண்ணைப் பார்த்தபோது அவள் 'மாதிரி' என்று சொல்லவில்லை. எனக்கு அது கேட்டது. அவளுக்கும் கேட்டிருக்கும்.

சிலையைக் கம்பம் கொண்டுபோக மாடசாமிதான் ஜீப் கொண்டுவந்தார். கூப்பிடாதீர்கள் என்று சொன்னவர்தான். ஆனால் வேறு வண்டி அமர்த்த அவர் சம்மதிக்கவில்லை என்றாள் செல்வி. சாக்கு சுற்றிக் கட்டிவைத்திருந்த சிலையை அவர் பிரித்துப் பார்க்கவில்லை. செல்வராஜ் அதைப் பின்னால் ஏற்றப் போனான்.

"முன்னால வைங்க," என்றார் மாடசாமி. "செல்வி, நீ பிள்ளையோட பின்னால ஏறிக்க."

டிரைவர் சீட்டுக்குப் பக்கத்தில் நிற்க வைத்து, சாயாமல் கயிறு போட்டுக் கட்டினார். என்னைக் கும்பிட்டுவிட்டு வண்டியை எடுத்தார்.

அதற்குப் பிறகு நடந்ததை அன்று சாயங்காலம் செல்வி போனில் சொன்னாள். கம்பத்துக்குச் சமவெளி வழியாகவே போயிருக்கலாம். நல்ல ரோடு, வளைவு இல்லை. அவர் அந்த வழியில் போகவில்லை. உடுமலை தாண்டி மலையேறி, மறையூர், மூணாறு என்று சுற்றிப் போயிருக்கிறார். எஸ்டேட் பக்கம் நிறுத்துவார் என்று செல்வி எதிர்பார்த்திருக்கிறாள். அந்தச் சரிவு கண்ணில் படும் இடத்தில் வேகத்தைக்கூடக் குறைக்கவில்லை.

கம்பம்மெட்டு தாண்டிக் கீழே இறங்கும்போது, ஒரு வளைவின் ஓரத்தில் வண்டியை ஒதுக்கி என்ஜினை அணைத்துவிட்டார். டீக்கடை கிடையாது, ஆள் கிடையாது. வண்டிக்கு ஏதோ கோளாறு என்று நினைத்து, "என்னப்பா?" என்று கேட்டிருக்கிறாள்.

சாக்கு ஒரு பக்கம் நழுவியிருந்ததை இழுத்துச் சரிசெய்துகொண்டே சொன்னாராம்:

"இந்த எறக்கத்துல உங்கம்மாவுக்குத் தலை சுத்தும்லா. செத்த நேரம் இருந்து போவோம்."